கள்ளப்பமும் பன்னும்: வீட்டிலே செய்யும் மெல்லிய ரொட்டி



நம் தமிழர் இல்லங்களில் ரொட்டிக்கும் பன்னுக்கும் நெடுங்காலம் ஒரே ஒரு வாசல்தான் திறந்திருந்தது. அது நோயாளியின் அறை வாசல். காய்ச்சல் கண்டவருக்குப் பாலில் நனைத்த ரொட்டித் துண்டு. பல் போன பாட்டிக்குத் தேநீரில் தோய்த்த பன். உடம்பு தேறியதும் ரொட்டியும் வீட்டை விட்டுப் போய்விடும். இட்லியும் தோசையும் தம் இடத்திற்குத் திரும்பி வந்துவிடும். இன்று நிலைமை மாறிவிட்டது. டில்லியிலும், மும்பையிலும், கல்கத்தாவிலும், நான் இருந்து பேசுகின்ற இந்தத் திருவனந்தபுரத்திலும், வேற்று மாநிலத்தில் குடியேறிய தமிழ்க் குடும்பங்களின் பிள்ளைகள் பன்னை நோயுணவாகக் கருதுவதில்லை. விரும்பிக் கேட்டு உண்கிறார்கள். ஆனால் அதைக் கடையில் வாங்கலாமே தவிர வீட்டில் செய்ய இயலாது என்னும் எண்ணம் மட்டும் நம் தாய்மாரிடத்தில் இன்னும் மாறவில்லை. அந்த எண்ணம் சரியானதா என்பதைப் பற்றியே இன்று சிறிது நேரம் உங்களோடு பேச விரும்புகிறேன்.

பன் செய்வது கடினம் என்று அஞ்சுகிறவர்களை நான் கேட்பது ஒன்றே. இரவு மாவரைத்து வைத்து, காலையில் அது பொங்கியிருக்கிறதா என்று மூடியைத் தூக்கிப் பார்க்கின்ற பழக்கம் உலகில் எத்தனை நாட்டுப் பெண்களுக்கு உண்டு? மாவின் மணத்தைக் கொண்டே அதன் பக்குவத்தைச் சொல்லிவிடுகிற மூக்கு நம்முடையது. மழைக்காலத்தில் எவ்வளவு நேரம், கோடையில் எவ்வளவு நேரம் என்பது நம் கைக்குத் தெரியும். புளிக்க வைத்தல் என்னும் கலையில் நாம் புதியவர்கள் அல்லர். மாவு வேறு, புளிக்க வைக்கும் உயிர் வேறு, கலை ஒன்றே.

இதற்குச் சான்று தேடி வெகுதூரம் போக வேண்டியதில்லை. கேரளத்தின் அப்பத்தைப் பார்த்தால் போதும். இங்கே கள்ளப்பம் என்று ஒன்று உண்டு. வட்டையப்பம் என்று மற்றொன்று உண்டு. அரிசி மாவிலே தென்னங்கள்ளைச் சேர்த்துப் புளிக்க வைத்துச் செய்பவை இவை. தென்னம்பாளையிலிருந்து பதநீர் சொட்டும்போதே காற்றிலும் கலயத்திலும் உள்ள ஈஸ்ட் என்னும் நுண்ணுயிர் அதில் குடிபுகுந்துவிடுகிறது. சில மணி நேரத்தில் அது கள்ளாகிறது. அந்தக் கள்ளில் ஒரு கரண்டியை மாவில் விட்டால், ஈஸ்ட் மாவிலுள்ள சர்க்கரையை உண்டு கரியமில வாயுவை வெளிவிடுகிறது, மாவு பொங்குகிறது. பன்னைப் பொங்கவைப்பதும் இதே இனத்து ஈஸ்ட்தான். கோவாவில் போர்ச்சுக்கீசியர் தங்கள் நாட்டு ரொட்டியைச் செய்ய முற்பட்டபோது, ஈஸ்ட் கிடைக்காமல் தென்னங்கள்ளையே பயன்படுத்தினார்கள் என்பதை இங்கே நினைவுகொள்ள வேண்டும். ஐரோப்பாவின் கோதுமையும் மேற்குக் கடற்கரையின் தென்னையும் கூடிப் பெற்ற பிள்ளை அந்த ரொட்டி. அதற்கு அவர்கள் இட்டு வழங்கிய பெயர்தான் மும்பையில் ‘பாவ்’ என்றும், யாழ்ப்பாணத்துத் தமிழில் ‘பாண்’ என்றும் இன்றளவும் வழங்குகிறது. மேசை, சாவி, ஜன்னல், அலமாரி என்று நாம் நாள்தோறும் கூறும் சொற்களும் அதே கப்பலில் வந்து இறங்கியவையே.

கள் என்ற சொல்லைக் கேட்டதும் சிலர் முகம் சுளிப்பதை நான் அறிவேன். ரொட்டி நம் வீடுகளில் நெடுங்காலம் நுழையாமைக்கு இது ஒரு காரணம். யார் கையால் பிசைந்தது, எதைக் கொண்டு புளிக்கவைத்தது என்னும் ஐயங்கள் அந்நாளில் பலமாக இருந்தன. கிணற்றில் ரொட்டித் துண்டைப் போட்டுவிட்டால், அந்நீரைப் பருகிய ஊரே மதம் மாறிவிட்டதாகக் கருதப்பட்டது என்று கொங்கணக் கரையில் ஒரு செய்தி வழங்குகிறது. ஒரு ரொட்டித் துண்டு மனிதனைத் தன் உறவிலிருந்து பிரித்துவிடும் என்று நம்பிய காலமும் இருந்தது என்பதை அது காட்டுகிறது. அந்த அச்சத்தை நாம் எள்ளி நகையாட வேண்டியதில்லை. உண்பதில் என்ன கலந்திருக்கிறது என்று அறிய விரும்புவது நியாயமான விருப்பம். அந்த விருப்பம் மனிதரைப் பற்றிய வெறுப்பாக மாறியதுதான் குற்றம்.

கேரளத்தில் பேக்கரித் தொழில் வேரூன்றிய வரலாறும் சுவையானது. மலபாரில் தலச்சேரி என்னும் ஊரில் 1880-ஆம் ஆண்டு மாம்பள்ளி பாப்பு என்பவர் ராயல் பிஸ்கட் தொழிற்சாலையைத் தொடங்கினார். பிஸ்கட் செய்யும் தொழிலை அவர் பர்மாவில் கற்று வந்தவர். 1883-இல் அஞ்சரக்கண்டித் தோட்டத்தின் உரிமையாளரான மர்டாக் பிரவுன் என்னும் ஆங்கிலேயர், சீமையிலிருந்து வந்த கிறிஸ்துமஸ் கேக் ஒன்றை அவரிடம் காட்டி, அதைப்போல் ஒன்று செய்து தரக் கேட்டார். பிரெஞ்சு நாட்டுப் பிராந்தியைச் சேர்க்கச் சொன்னாராம் துரை. பாப்புவோ முந்திரிப் பழத்தையும் கதலிப் பழத்தையும் கொண்டு வடித்த உள்ளூர்ச் சாற்றைச் சேர்த்துச் செய்தார். சுவைத்துப் பார்த்த துரை மகிழ்ந்து, மேலும் ஒரு டஜன் கேக்குகளுக்குச் சொல்லிவிட்டுப் போனார் என்று வரலாறு கூறுகிறது. அந்தக் குடும்பத்தின் கிளைகள் பின்னர்க் கேரளம் முழுவதும் பரவின. திருவனந்தபுரத்தில் பெயர் பெற்ற சாந்தா பேக்கரியும் அக்குடும்பத்தைச் சேர்ந்தவர்கள் நிறுவியதே. இவ்வரலாற்றில் நமக்கு ஒரு பாடம் உண்டு. சீமைப் பண்டத்தைச் செய்யச் சீமைச் சரக்கே வேண்டும் என்று அவர் காத்திருக்கவில்லை. கையில் இருந்த பொருளின் குணத்தை அறிந்திருந்தார். அதுவே போதுமானதாக இருந்தது.

கோதுமை மாவு தென்னாட்டு வீடுகளுக்குப் பழகியதற்கு வேறொரு காரணமும் உண்டு. உணவுத் தட்டுப்பாடு நிலவிய காலத்தில், 1956 ஆகஸ்டு மாதம் அமெரிக்காவுடன் இந்தியா செய்துகொண்ட பி.எல். 480 ஒப்பந்தத்தின் வாயிலாகக் கோதுமை கப்பல் கப்பலாக வந்து இறங்கியது. அரிசியே உண்டு பழகிய குடும்பங்கள் கோதுமையோடும் உறவாட வேண்டியதாயிற்று. 1965-இல் மத்திய அரசே மாடர்ன் பேக்கரீஸ் என்னும் நிறுவனத்தை ஏற்படுத்தி, நகரங்களில் ரொட்டி செய்து விற்கத் தொடங்கியது. 2000-ஆம் ஆண்டில் அந்நிறுவனம் தனியாருக்கு விற்கப்பட்டது. இவ்வாறு ரொட்டி என்பது ஆலையில் பிறந்து காகிதத்தில் சுற்றி வரும் பண்டம் என்னும் எண்ணம் நம்மிடையே நிலைத்துவிட்டது.

அந்த எண்ணத்தைச் சற்று அசைத்துப் பார்க்க வேண்டிய நிகழ்ச்சி ஒன்று 2016-இல் நடந்தது. டில்லியில் உள்ள அறிவியல் சுற்றுச்சூழல் மையம், கடைகளில் விற்கும் ரொட்டி, பன் முதலியவற்றைச் சோதித்துப் பார்த்தது. அவற்றுள் பலவற்றில் பொட்டாசியம் புரோமேட் அல்லது பொட்டாசியம் அயோடேட் கலந்திருப்பதாக அறிவித்தது. மாவுக்கு வலுவூட்டி ரொட்டியை உப்பச் செய்வதற்காகச் சேர்க்கப்படும் பொருள்கள் இவை. புரோமேட் புற்றுநோயை விளைவிக்கக்கூடும் என்ற ஐயம் பல நாடுகளில் முன்னரே எழுந்திருந்தது. அதே ஆண்டில் நம் நாட்டு உணவுப் பாதுகாப்பு ஆணையம் புரோமேட்டைத் தடைசெய்துவிட்டது. எனவே இன்று அஞ்ச வேண்டியதில்லை என்று சொல்லலாம். ஆயினும், பிள்ளைகளின் வாய்க்குள் செல்வதில் என்ன இருக்கிறது என்பதைப் பிறர் சோதித்துச் சொல்லித்தான் அறிய வேண்டுமா? பன்னுக்கு மெய்யாக வேண்டியவை மாவு, நீர் அல்லது பால், உப்பு, சிறிது சர்க்கரை, சிறிது வெண்ணெய், ஈஸ்ட் ஆகிய ஆறே பொருள்கள்தாம். மற்றவையெல்லாம் ஆலையின் அவசரத்திற்காகச் சேர்பவை. அவசரம் இல்லாத இடம் நம் அடுக்களை.

இனிச் செய்முறைக்கு வருவோம். செய்முறைக்கு முன் அதன் காரணத்தை அறிந்துகொண்டால், கை தவறுவது குறையும்.

ஈஸ்ட் என்பது கண்ணுக்குத் தெரியாத ஓர் உயிர். ஹாலந்து நாட்டு லேவன்ஹுக் 1680-இல் தம் உருப்பெருக்கிக் கண்ணாடியின் மூலம் அதைக் கண்டார். அது உயிருள்ள பொருள் என்பதையும், புளிப்பது அதன் வாழ்க்கைச் செயலே என்பதையும் பிரான்சு நாட்டு லூயி பாஸ்டர் 1857 முதல் செய்த ஆராய்ச்சிகளால் நிலைநாட்டினார். உயிர் என்றால் அதற்குக் குளிரும் உண்டு, சூடும் உண்டு, பசியும் உண்டு. வெதுவெதுப்பான இடத்தில் அது சுறுசுறுப்பாக வேலை செய்யும். குளிரில் உறங்கும். ஏறத்தாழ 60 டிகிரி வெப்பத்தில் மடிந்துவிடும். கொதிக்கும் பாலை ஊற்றிவிட்டு, “ஈஸ்ட் சரியில்லை” என்று கடைக்காரரைக் குறை கூறுகிறவர்கள் இதை நினைவில் வைக்க வேண்டும்.

அடுத்தது மாவு. கோதுமையில் இரண்டு வகைப் புரதங்கள் உள்ளன. நீர் பட்டுப் பிசைந்ததும் அவை ஒன்றோடொன்று கூடி, குளூட்டன் என்னும் இழுபடும் பசையாகின்றன. பொலோனா நகரத்துப் பெக்காரி என்பவர் கோதுமை மாவிலிருந்து இப்பசையைப் பிரித்தெடுத்த முறையை 1745-இல் வெளியிட்டார். நீங்களும் அதைக் காணலாம். பிசைந்த மைதா உருண்டை ஒன்றைத் தண்ணீரில் மெல்லக் கசக்கிக்கொண்டே இருங்கள். வெள்ளை மாவுச்சத்தெல்லாம் கரைந்து போய்விடும். இரப்பரைப் போன்ற ஒரு பொருள் கையில் எஞ்சும். அந்தப் பொருள்தான் ஈஸ்ட் வெளிவிடும் வாயுவைச் சிறைப்பிடித்து வைக்கும் பை.

அரிசியில் இந்தப் பசை இல்லை. அதனால்தான் இட்லிக்கு உளுந்து சேர்க்கிறோம். உளுந்தின் வழவழப்பு அந்த வாயுவைத் தாங்குகிறது. அதனால்தான் அப்பமும் இட்லியும் ஊற்றும் மாவாகவே இருக்கின்றன. அவற்றிற்கு ஆப்பச் சட்டியோ இட்லித் தட்டோ உருவம் தர வேண்டியிருக்கிறது. கோதுமை மாவோ பசையின் வலிமையால் தானே உருண்டையாக நிற்கிறது. இட்லிக்கும் பன்னுக்கும் உள்ள வேறுபாட்டின் உட்பொருள் இவ்வளவே.

மிருதுவாக வருவதற்கு ஓர் இரகசியம் உண்டு. அதைக் கேரளத்து மூதாட்டிகள் என்றோ அறிந்திருந்தார்கள். அப்ப மாவு அரைக்கும்போது, அரிசியின் குருணையில் சிறிதளவை எடுத்துத் தண்ணீரில் கஞ்சியாகக் காய்ச்சி, ஆறவைத்து மாவோடு சேர்ப்பார்கள். ‘கப்பி காய்ச்சுதல்’ என்று இதற்குப் பெயர். நம் பக்கத்தில் ஆப்பத்திற்குச் சோறு சேர்த்து அரைப்பதும் இதே கருத்தில்தான். வெந்த மாவுச்சத்து, வேகாத மாவுச்சத்தைக் காட்டிலும் பல மடங்கு நீரை உறிஞ்சித் தன்னுள் வைத்துக்கொள்ளும். அந்த நீர்தான் பண்டத்தை மறுநாளும் மெத்தென்று வைக்கிறது. ஜப்பானியரும் சீனரும் தங்கள் மெல்லிய ரொட்டிகளுக்கு மாவின் ஒரு பகுதியை இவ்வாறே வேகவைத்துச் சேர்க்கிறார்கள். அவர்களுடைய முறையை இன்று உலகமெங்கும் புகழ்கிறார்கள். நம் கப்பியைப் புகழ்வார்தாம் இல்லை. ஆகவே இந்தப் பன்னுக்கு நாம் கப்பியையே அடிப்படையாகக் கொள்வோம்.

பன்னிரண்டு பன்களுக்கு அளவு சொல்லுகிறேன். மைதா 400 கிராம். அதில் 25 கிராமை, அதாவது மூன்று மேசைக் கரண்டியைத் தனியே எடுத்து, 125 மில்லி தண்ணீரில் கட்டியில்லாமல் கரைத்துக்கொள்ளுங்கள். இளந்தீயில் வைத்துக் கிளறுங்கள். கரண்டியால் கோடு இழுத்தால் கோடு நிற்கும் பதம் வந்தவுடன் இறக்கி ஆறவிடுங்கள். இதுதான் கப்பி. பிறகு, காய்ச்சி ஆறிய பால் 140 மில்லியை, விரலுக்கு வெதுவெதுப்பாகத் தோன்றும் சூட்டில் எடுத்து, அதில் சர்க்கரை மூன்று மேசைக் கரண்டியும், உலர்ந்த ஈஸ்ட் ஒன்றேகால் தேக்கரண்டியும் கலந்து பத்து நிமிடம் மூடி வையுங்கள். நுரைத்து எழுந்தால் ஈஸ்ட் உயிரோடிருக்கிறது. நுரைக்கவில்லை என்றால் அந்த ஈஸ்டை நம்பி மாவை வீணாக்க வேண்டாம். இந்நகரத்தைப் போன்ற ஈரக்காற்றுள்ள ஊர்களில், பொட்டலத்தைப் பிரித்தபின் ஈஸ்டைக் காற்றுப் புகாத குப்பியில் அடைத்துக் குளிர்சாதனப் பெட்டியில் வைத்தாலன்றி அது நெடுநாள் தாங்காது.

எஞ்சிய 375 கிராம் மைதாவில் ஒன்றேகால் தேக்கரண்டி உப்பைக் கலந்து, கப்பியையும் ஈஸ்ட் கலந்த பாலையும் சேர்த்துப் பிசையுங்கள். பாலில் சிறிது நிறுத்தி வைத்துக்கொண்டு, வேண்டியதைப் பார்த்து ஊற்றுவது நல்லது. மழைக்காலத்தில் மாவே ஈரத்தை இழுத்து வைத்திருக்கும். முதலில் மாவு கையில் ஒட்டும். சப்பாத்தி மாவைப்போல் இறுக்கமாக்க விரும்பி மேலும் மைதாவைத் தூவாதீர்கள். பன் கல்லாவது பெரும்பாலும் இந்த ஓர் இடத்தில்தான். ஐந்து நிமிடம் பிசைந்தபின், இளகிய வெண்ணெய் 45 கிராமை, மூன்று மேசைக் கரண்டி அளவு, சிறிது சிறிதாகச் சேர்த்து மேலும் எட்டுப் பத்து நிமிடம் பிசையுங்கள். உள்ளங்கையால் தள்ளி, மடித்து, திருப்பித் தள்ள வேண்டும். பரோட்டா மாவு அடிக்கிறவரைப் பார்த்தவர்களுக்கு இதைச் சொல்ல வேண்டியதில்லை. சிறு துண்டைக் கிள்ளி இரு கைவிரல்களாலும் மெல்ல விரித்தால், கிழியாமல் மெல்லிய சவ்வுபோல் விரிய வேண்டும். அதுவே பதம்.

எண்ணெய் தடவிய பாத்திரத்தில் மாவை வைத்து ஈரத்துணியால் மூடி விடுங்கள். இரு மடங்காகப் பொங்க வேண்டும். திருவனந்தபுரத்தில் ஆண்டு முழுவதும் வெப்பம் பெரிதும் மாறுவதில்லை. இங்கே ஒரு மணி நேரம் போதும். மாவில் விரலை அழுத்தி எடுத்தால் பள்ளம் மெல்ல எழுந்து பாதியில் நின்றுவிட வேண்டும். பிறகு மாவை அழுத்திக் காற்றை வெளியேற்றி, பன்னிரண்டு சமபங்காக்கி, ஒவ்வொன்றையும் பெரிய எலுமிச்சம்பழ அளவில் உருட்டுங்கள். மேற்பரப்பு வழவழப்பாக இழுபட, விளிம்புகளை அடியிலே சேர்த்து மடித்து உருட்டுதல் வேண்டும். கொழுக்கட்டைக்குச் சொப்பு மூடிய கைகளுக்கு இது எளிது. வெண்ணெய் தடவிய ஒன்பது அங்குலத் தட்டில், ஒரு விரற்கடை இடைவெளி விட்டு அடுக்குங்கள். மீண்டும் மூடி, முப்பத்தைந்து முதல் நாற்பத்தைந்து நிமிடம் வையுங்கள். அவை உப்பி, ஒன்றையொன்று தொட்டுக்கொண்டு நிற்கும். இவ்வாறு நெருங்கி நிற்பதால்தான் பக்கங்கள் காயாமல் பஞ்சுபோல் இருக்கும்.

மேலே பால் தடவி, முன்பே சூடேற்றிய அடுப்புப் பெட்டியில் 180 டிகிரி வெப்பத்தில் இருபது நிமிடம் வேகவிடுங்கள். பொன்னிறம் வந்ததும் எடுத்து, சூட்டோடு சூடாக வெண்ணெய் தடவி, சுத்தமான துணியால் மூடிவிட வேண்டும். மூடுவதால் வெளிவரும் ஆவி மேற்றோலை இளக்கிவிடும். மூடாமல் விட்டால் தோல் முறுகும்.

“எங்கள் வீட்டில் அடுப்புப் பெட்டி இல்லையே?” என்று கேட்பீர்கள். கேரளத்தின் பழைய பேக்கரிகளில் ‘போர்மா’ என்று கூறும் விறகடுப்பு உண்டு. யாழ்ப்பாணத்தார் அதைப் ‘போறணை’ என்பர். சூடேறிய செங்கற் சுவர் நாற்புறமும் வெப்பம் வீச, அதனுள் பண்டம் வேகிறது. நமக்கு வேண்டியதும் நாற்புற வெப்பமே. கனத்த அடியுள்ள பெரிய இரும்புச் சட்டியில் மணலையோ கல்லுப்பையோ ஓரங்குல உயரம் பரப்பி, அதன்மேல் ஒரு வளையத்தை வைத்து, பொருத்தமான மூடியால் மூடிப் பத்து நிமிடம் சூடேற்றுங்கள். ஆறு பன்கள் அடங்கிய சிறு தட்டை அதற்குள் இறக்கி, இளந்தீயில் இருபத்தைந்து முதல் முப்பது நிமிடம் வையுங்கள். மேற்புறம் வெளுத்தே இருக்கும். வெந்தபின் எடுத்து, வெண்ணெய் தடவிய தோசைக்கல்லில் ஒரு நிமிடம் கவிழ்த்து வைத்தால் அக்குறையும் நீங்கும்.

இதைக் கேட்டுக்கொண்டிருக்கும் நீங்கள் பல்வேறு தட்பவெப்ப நிலைகளில் வாழ்கிறவர்கள். டில்லியில் மார்கழி தை மாதங்களில் இட்லி மாவு பொங்காமல் கம்பளியைச் சுற்றி வைத்திருப்பீர்கள். அதே கம்பளி இதற்கும் உதவும். இரண்டு மூன்று மணி நேரம் ஆனாலும் பொறுத்திருங்கள். ஈஸ்டைக் கூட்ட வேண்டாம். மெல்லப் பொங்கிய மாவுக்கு மணம் அதிகம். கல்கத்தாவின் சித்திரை வைகாசி வெயிலிலோ ஈஸ்டை ஒரு தேக்கரண்டியாகக் குறைத்து, பாலைக் குளிர்ச்சியாகவே ஊற்றலாம். கூடுதலாகப் பொங்கிவிட்ட மாவு புளித்து அமுங்கிவிடும். வேலைக்குச் செல்லும் சகோதரிகள் மாலையில் பிசைந்து, இரவு முழுவதும் குளிர்சாதனப் பெட்டியில் வைத்துக் காலையில் உருட்டலாம். ஆனால் சுட்ட பன்னை அப்பெட்டியில் வைக்காதீர்கள். அந்தக் குளிரில் வெந்த மாவுச்சத்து விரைவில் இறுகி, பன் மற்ற இடத்தைக் காட்டிலும் வேகமாகப் பழையதாகிவிடும். மூடிய டப்பாவில் வெளியே வைத்தால் இரண்டு நாள் இருக்கும். ஈரமான ஊர்களில் மூன்றாம் நாள் பூஞ்சணம் பிடிக்கும் என்பதால் அதற்குமேல் வைக்க வேண்டாம்.

ஓர் எச்சரிக்கையும் சொல்ல வேண்டும். மைதா என்பது தவிடும் முளையும் நீங்கிய மாவு. நாள்தோறும் உண்பதற்கு உரியதன்று. நீரிழிவு உடையோர் அளவறிந்தே உண்ண வேண்டும். மைதாவில் நான்கில் ஒரு பங்குக்குக் கோதுமை மாவைச் சேர்த்துக்கொள்ளலாம். அதற்குமேல் சேர்த்தால் தவிட்டின் கூர்மையான துகள்கள் குளூட்டன் பசையை அறுத்து, பன் உப்பாமல் போகும். இரண்டொரு மேசைக் கரண்டிப் பாலை அப்போது கூடுதலாக ஊற்ற வேண்டும்.

“இட்லி இருக்கப் பன் எதற்கு? வந்த ஊரின் பண்டத்தைச் செய்யத் தொடங்கினால், நம்முடைய பண்டம் மறந்து போகாதா?” என்று பெரியவர்கள் சிலர் வினவலாம். இவ்வினாவைத் தள்ளிவிட முடியாது. அயல் மாநிலத்தில் வாழ்கிறவர்களுக்கு அடுக்களைதான் கடைசித் தாய்நாடு. மொழி தேய்ந்த வீட்டிலும் சாம்பாரின் மணம் தேய்வதில்லை. ஆனால் ஒன்றைச் சிந்தித்துப் பாருங்கள். அந்தச் சாம்பாரில் விழுகின்ற மிளகாயும் தக்காளியும் அமெரிக்கக் கண்டத்தில் பிறந்து கடல் கடந்து வந்தவை. அவற்றை ஏற்றுக்கொண்டதால் நம் சமையல் அழிந்துவிடவில்லை, வளர்ந்தது. இந்தத் திருவனந்தபுரத்தின் கோட்டைப் பகுதியிலும் கரமனையிலும் சாலைக் கடைத்தெருவிலும் தலைமுறை தலைமுறையாக வாழும் தமிழர்கள், அவியலையும் ஓலனையும் தங்கள் வீட்டுப் பண்டமாக்கிக்கொண்டவர்களே. அதனால் அவர்கள் வீட்டில் வற்றல் குழம்பு வற்றிப் போய்விடவில்லை. பிறர் பண்டம் வந்ததால் நம் பண்டம் மறைவதில்லை. நாமே சமைப்பதை விட்டுவிட்டு, எல்லாவற்றையும் விலைக்கு வாங்கத் தொடங்கும்போதுதான் அது மறைகிறது. கடையில் வாங்கும் இட்லி மாவும் கடையில் வாங்கும் பன்னும் இவ்வகையில் ஒன்றேதான். மாவு பொங்குகிறதா என்று மூடியைத் தூக்கிப் பார்க்கின்ற அந்தப் பழக்கம் பிள்ளைகளின் கைக்குப் போய்ச் சேர வேண்டும். எட்டு வயதுச் சிறுவனை உளுந்து அரைக்க அழைத்தால் ஓடிவிடுவான். பன் உருட்ட அழைத்தால் ஓடி வருவான். பன்னில் தொடங்கி இட்லிக்கு வந்து சேரட்டுமே! வாசல் எதுவாயினும் வீடு ஒன்றுதான்.

மற்றொன்றும் உண்டு. அண்டை வீட்டார் பலகாரம் அனுப்பிய பாத்திரத்தை வெறுமையாகத் திருப்பித் தருவது நம் வழக்கமன்று. ஒரு பிடி சர்க்கரையாவது போட்டுத்தான் தருவோம். ஓணத்திற்குப் பாயசம் வந்த பாத்திரமும், ஈத் பெருநாளுக்குச் சேமியா வந்த கிண்ணமும், கிறிஸ்துமஸுக்கு அப்பம் வந்த தட்டும் அயல் ஊரில் நம் வீட்டு மேடையில் காத்திருக்கின்றன. ஒரு காலத்தில் மனிதரை மனிதர் ஒதுக்கி வைப்பதற்குச் சாக்காக இருந்த அதே ரொட்டி, இன்று நம் கையால் சுடப்பட்டு, துணி மூடிய தட்டில் சூட்டோடு அடுத்த வீட்டுக்குப் போகட்டும். பன்னிரண்டு பன்களில் நான்கை அதற்காக எடுத்து வையுங்கள். எட்டு, வீட்டுக்குப் போதும்.